தியாகக் கதைகளும் உண்டவர்களின் மௌனமும்

சென்ற வருடம் எங்கள் ஊரில் ஒரு சிறுகதை அரங்கு நடந்தது. மஃரிபுக்குப் பிறகு தொடங்கி இஷாவுக்கு முன்னர் முடித்துவிட வேண்டிய கூட்டம். வாசிக்கப்பட்டது நாமெல்லோரும் அறிந்த கதைதான். மூன்று தங்கைமாரைக் கரைசேர்ப்பதற்காக மூத்தவள் ஒருத்தி ரியாத்துக்குப் பணிப்பெண்ணாகப் போகிறாள். பதினொரு வருடம் உழைக்கிறாள். தங்கைமாருக்கு வீடு எழும்புகிறது, கலியாணம் நடக்கிறது, பிள்ளைகள் பிறக்கின்றன. நரைத்த முடியோடு திரும்பி வந்தவள் கடைசித் தங்கையின் குசினியில் பாய் விரித்துப் படுக்கிறாள். கதை முடிகிறது. ஐந்து பேர் கருத்துரைத்தோம். ஐந்து பேரும் அவளை மெழுகுவர்த்தி என்றோம். நான்காவதாகப் பேசியவன் நான்.

சைக்கிளில் வீடு திரும்பும்போது ஒரு சின்னக் கணக்கு மனதில் ஓடியது. அந்தக் கதையில் மூன்று தங்கைமார். அவர்களுக்கு மூன்று மாப்பிள்ளைமார். அவள் காசில் குடியிருந்த அந்த ஆறு பேரில் ஒருவருக்கேனும் கதையில் ஒரு வசனம் கிடையாது. எரிந்தவளைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதிய கதாசிரியர், அந்த வெளிச்சத்தில் இருந்து சோறு தின்றவர்களைப் பற்றி ஒரு வரி எழுதவில்லை. கேட்டுக்கொண்டிருந்த நாங்களும் அதை ஒரு குறையாகக் காணவில்லை.

நான் சொல்ல வருவதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நமது தியாகக் கதைகள் தியாகம் செய்தவரைப் போற்றுவதுபோலத் தோன்றினாலும், அவை உண்மையில் செய்யும் வேலை வேறு. தியாகத்தை உண்டவர்களைக் குற்றத்திலிருந்து விடுவிப்பதே அவற்றின் வேலை. மெழுகுவர்த்தி என்று சொல்லிவிட்டால் போதும். எரிவது மெழுகுவர்த்தியின் இயல்பு, ஏற்றியது யார் என்ற கேள்வி எழாது.

இப்படி யோசிக்க எனக்குக் கற்றுத்தந்தது ஜப்பானியப் பேசாப்படம் ஒன்று. கிராமத்து வாத்தியாருக்கும் ஜப்பானியப் படத்துக்கும் என்ன தொடுப்பு என்று சிலர் சிரிக்கலாம். பல்கலைக்கழகத்தில் படிக்கும் எனது பழைய மாணவன் ஒருவன் பென்டிரைவ் ஒன்றில் நாலைந்து பழைய படங்களைப் போட்டுக்கொண்டு வந்து தந்தான். ஒரு நோன்பு விடுமுறையில், சஹருக்குப் பிறகு தூக்கம் வராத நேரங்களில், அவற்றைப் பார்த்து முடித்தேன்.

முதலாவது, யசுஜிரோ ஓசு 1933இல் எடுத்த 'டோக்கியோவின் பெண்'. ஒரு மணித்தியாலத்துக்கும் குறைவான படம். சிகக்கோ என்ற அக்காவும் ரியோயிச்சி என்ற தம்பியும் ஒரு சிறிய வீட்டில் வாழ்கிறார்கள். அக்கா பகலில் ஒரு காரியாலயத்தில் தட்டச்சு செய்கிறாள். இரவில் ஒரு பேராசிரியருக்கு மொழிபெயர்ப்பில் உதவுவதாகத் தம்பிக்குச் சொல்லியிருக்கிறாள். தம்பி படிக்கிறான். அவள் இரவில் போவது வேறு வேலைக்கு, உடலை விற்கும் வேலைக்கு. அவ்வளவும் தம்பியின் படிப்புக்காக. தம்பியை விரும்பும் பெண்ணின் அண்ணன் பொலிஸ்காரன். அவன் மூலமாகச் செய்தி கசிகிறது. தம்பி அக்காவை அடிக்கிறான், வீட்டைவிட்டு ஓடுகிறான், உயிரை மாய்த்துக்கொள்கிறான்.

இந்த இடத்தில் நம்மவர் ஒருவர் கதை எழுதியிருந்தால், அக்கா தன்னைத்தானே சபித்து அழுவாள். 'என் தியாகமே என் தம்பியைக் கொன்றதே' என்று ஒரு வசனம் கட்டாயம் இருக்கும். ஓசுவின் அக்காவும் அழுகிறாள்தான். ஆனால் தம்பியின் மையித்தைப் பார்த்து அவள் சொல்வது, இவ்வளவுக்காகச் செத்தாயே, நீ ஒரு கோழை என்ற கருத்துப்படத்தான். நான் இருந்த இடத்திலிருந்து எழும்பிவிட்டேன். அவள் மன்னிப்புக் கேட்கவில்லை. அவள் பணத்தில் வாங்கிய புத்தகத்தைப் படித்தவன், அவள் பணத்தில் சோறு தின்றவன், அந்தப் பணம் எங்கிருந்து வருகிறதென்று ஒருநாளும் கேட்காதவன், கேட்க வேண்டிய நேரத்தில் கேள்விக்குப் பதிலாகக் கையை நீட்டியவன். அவன் இறந்ததால் மட்டும் நல்லவனாகிவிடவில்லை என்று அந்தப் படம் சொல்கிறது.

அதற்குப் பிறகு வருவது எழுதுகிறவர்களான நமக்கென்றே வைத்ததுபோன்ற காட்சி. மரண வீட்டுக்குப் பத்திரிகை நிருபர்கள் வருகிறார்கள். இரண்டு பெண்களிடமும் கேள்வி கேட்கிறார்கள். செய்தி பெரிதாகத் தேறாதென்று கண்டதும் தெருவில் இறங்கி வேறு பேச்சுப் பேசிக்கொண்டு நடந்துபோகிறார்கள். படம் முடிந்துவிடுகிறது. அந்த நிருபர்களின் நடையில் எங்கள் சிறுகதை அரங்கு கலைந்து போனதை நான் கண்டேன்.

1933 என்ற அந்த ஒரே வருடத்தில் இதே கேள்வியோடு வேறு படங்களும் அங்கே வந்தன. கென்ஜி மிசோகுச்சியின் படமொன்றில், தண்ணீர் வித்தை காட்டிப் பிழைக்கும் பெண் ஓர் இளைஞனைச் சட்டம் படிக்கவைக்கிறாள். அவனுக்கு அனுப்பும் பணத்துக்காகப் பட்ட பாட்டில் கொலைக்குற்றவாளியாகி அவள் நீதிமன்றத்தில் நிற்கும்போது, வழக்குத் தொடுநராக எதிரே நிற்பவன் அவனே. மிக்கியோ நருசேயின் 'உன்னைப் பிரிந்து' படத்தில் கெய்ஷாவாக உழைக்கும் ஓர் இளம்பெண், தன்னோடு பழகும் பையனைக் கடற்கரையில் இருக்கும் தன் வீட்டுக்குக் கூட்டிப்போகிறாள். அங்கே குடிகாரத் தகப்பன் அடுத்த மகளையும் அதே தொழிலுக்கு விற்க நினைக்கிறான். தங்கையைக் காக்க அவள் இன்னும் தூரத்து ஊருக்குப் போக வேண்டியிருக்கிறது. மீன்பிடிக் கிராமம், கடல், வேலையற்ற தகப்பன், அடுத்த குமர். இது எந்த ஊர்க் கதை என்று நான் சொல்ல வேண்டுமா?

ஜப்பானியர் இந்தச் சிக்கலுக்கு இரண்டு சொற்கள் வைத்திருக்கிறார்கள். 'கிரி' என்றால் குடும்பத்துக்கும் ஊருக்கும் செலுத்த வேண்டிய கடப்பாடு. 'நிஞ்ஜோ' என்றால் மனிதனுக்குள்ளே இயல்பாக ஊறும் ஆசை, பாசம். பேசாப்படத்துக்கு இருநூறு வருடங்களுக்கு முன்னரே அவர்களுடைய பொம்மலாட்ட நாடகங்கள் இந்த இரண்டும் மோதுவதைக் காட்டிவிட்டன. நம்மிடம் கடமைக்கு நூறு சொற்கள் உண்டு. மற்றதற்கு, ஒரு குமர்ப்பிள்ளையின் வாயிலிருந்து வந்தால் கேட்பவர் முகம் சுளிக்காத ஒரு சொல் உண்டா? அவள் 'எனக்கு விருப்பம்' என்று சொன்னால் அடுத்த சொல் 'வெட்கமில்லையா' என்பதுதான்.

அந்தப் படங்களோடு சேர்ந்த இன்னொரு சங்கதியையும் சொல்ல வேண்டும். ஜப்பானில் பேசாப்படங்கள் சத்தமில்லாமல் ஓடியதில்லை. திரைக்குப் பக்கத்தில் 'பென்ஷி' என்ற கதைசொல்லி ஒருவர் நின்று, எல்லாப் பாத்திரங்களுக்கும் தாமே குரல் கொடுப்பார். ஆணுக்கும் பெண்ணுக்கும் அவரே பேசுவார், அவரே அழுவார். சனம் அவருக்காகவே கொட்டகைக்குப் போகும். 1931இல் பேசும்படம் அங்கே வெற்றிகரமாக வந்த பிறகும், பென்ஷிகளின் செல்வாக்கினால் பேசாப்படங்கள் சில வருடங்கள் தாக்குப்பிடித்தன. நமது இலக்கியத்தில் பணிப்பெண்ணுக்குப் பக்கத்தில் நின்று முப்பது நாற்பது வருடங்களாக நாம் செய்துவருவது இந்த வேலையைத்தான். அவள் வாய் அசைகிறது. நாம் 'தியாகம்' என்று குரல் கொடுக்கிறோம். அவள் உண்மையில் என்ன சொன்னாள் என்பது யாருக்கும் தெரியாது.

இனி நம் கரைக்கு வருவோம். மருதமுனையிலிருந்து பொத்துவில் வரைக்கும் நமது ஊர்களில் வீடு பெண்ணுக்குரியது. மாப்பிள்ளை பெண் வீட்டுக்கு வருகிறார். தாய்வழிக் குடி முறையும் பெண்ணுக்கு வீடு கொடுக்கும் வழக்கமும் இங்கே தமிழருக்கும் முஸ்லிம்களுக்கும் பொதுவானவை. அக்கரைப்பற்றில் தங்கி ஆய்வு செய்த டெனிஸ் மக்கில்வ்ரே என்ற அமெரிக்க மானிடவியலாளர் இதை விரிவாக எழுதியிருக்கிறார். மூத்த மகளுக்குக் கலியாணம் முடிந்ததும் தாய் தகப்பன் அந்த வீட்டை அவளுக்கு விட்டுவிட்டு, அதே வளவிலோ பக்கத்து வளவிலோ இன்னொரு வீடு கட்டி இளையவளோடு குடிபோவார்கள். அடுத்தவளுக்கு அடுத்த வீடு. இதை எடுத்துக்காட்டி, உலகத்துப் பெண்களுக்கெல்லாம் இல்லாத பாதுகாப்பு நம் பெண்களுக்கு உண்டு என்று மேடைகளில் பெருமைப்படுகிறோம். அதில் உண்மையும் உண்டு. மாமியார் வீட்டில் அடைபட்டுக் கிடக்கும் மருமகள் நமது ஊர்களில் குறைவுதான்.

ஆனால் அந்த வீட்டுக்குச் சீமெந்தும் கல்லும் எங்கிருந்து வருகின்றன? முன்பு வயலிலிருந்தும் கடலிலிருந்தும் தறியிலிருந்தும் வந்தன. காக்காமார் தங்கள் கலியாணத்தைத் தள்ளிவைத்து உழைத்தார்கள். அவர்களுடைய ஆசைகளும் அத்திவாரத்தில்தான் போயின, அதையும் மறுக்கவில்லை. பிறகு வளைகுடா வந்தது. 1985இல் வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகம் உருவானது. 1990களில் இந்த நாட்டிலிருந்து வெளிநாட்டு வேலைக்குப் போனவர்களில் பெரும்பான்மையினர் பெண்கள், அவர்களிலும் மிகப் பெரும்பாலானோர் வீட்டுப் பணிப்பெண்கள். நமது ஊர்களிலே அதற்குப் பொருள், ஒரு பெண் தன்னுடைய சீதன வீட்டைத் தானே உழைத்துக் கட்ட வேண்டும் என்பது. மாப்பிள்ளைக்குக் கொடுக்கும் கைக்கூலியையும் அவளே உழைக்க வேண்டும். மார்க்கம் சொன்ன மஹர் ஆண் பெண்ணுக்குக் கொடுப்பது. நாம் செய்திருப்பதோ, பெண் தன் இளமையை விற்று ஆணுக்கு வீடும் கொடுத்துக் காசும் கொடுப்பது. இதற்கு வேறு பெயர் வைக்கத் துணிவில்லாமல் தியாகம் என்று பெயர் வைத்திருக்கிறோம்.

மூதூரைச் சேர்ந்த றிசானா நபீக்கை எல்லோரும் அறிவோம். வறுமைப்பட்ட குடும்பத்துக்காக 2005இல் சவூதிக்குப் போனபோது அவருக்கு வயது பதினேழு. கடவுச்சீட்டில் 1982இல் பிறந்தவராகப் பொய்யாகக் காட்டி அனுப்பினார்கள். பராமரிக்கக் கொடுக்கப்பட்ட குழந்தை இறந்தது. 2007இல் மரண தண்டனை விதித்தார்கள், 2013 ஜனவரி 9ஆம் திகதி நிறைவேற்றினார்கள். அந்த மாதம் நமது எழுத்தாளர்கள் எழுதிய இரங்கல் கவிதைகளுக்குக் கணக்கில்லை. நானும் எழுதினேன். சவூதியைத் திட்டினோம், அரசாங்கத்தைத் திட்டினோம், முகவர்களைத் திட்டினோம். திட்டப்பட வேண்டியவர்கள்தான். ஆனால் பதினேழு வயதுப் பிள்ளை குடும்பத்தைச் சுமப்பது இயல்பானது என்று நினைக்கும் ஒரு சமூகத்தில் இருந்துகொண்டுதான் அந்தக் கவிதைகளை எழுதினோம் என்பதை எந்தக் கவிதையும் சொல்லவில்லை. அந்த ஏழைத் தாய் தகப்பனை நான் குற்றம் சொல்லவில்லை. குற்றம் சொல்வது, அந்தப் பிள்ளை போனபோது வாய் திறக்காமல், இறந்தபோது வாய் திறந்த நம்மைத்தான்.

அரசாங்கமும் நம்மைப் போலத்தான் கணக்குப் பார்த்தது. அதே 2013இல், ஐந்து வயதுக்குக் குறைந்த பிள்ளையுள்ள தாய் பணிப்பெண்ணாகப் போகக் கூடாதென்று குடும்பப் பின்னணி அறிக்கை கேட்டது. 2022இல் பொருளாதாரம் விழுந்து டொலர் தேவைப்பட்டபோது அந்த வயதை இரண்டாகக் குறைத்தது. தாயின் கடமைக்கு எல்லை போடவும் எல்லையை நகர்த்தவும் அதிகாரிகள் இருந்தார்கள். தகப்பனிடம் அறிக்கை கேட்கவில்லை.

நமது சட்டத்தையும் பாருங்கள். 1951ஆம் ஆண்டின் 13ஆம் இலக்க முஸ்லிம் விவாக விவாகரத்துச் சட்டம் கைக்கூலியைப் பற்றிப் பேசுகிறது. விவாகப் பதிவில் மாப்பிள்ளை ஒப்பமிட வேண்டும், வலி ஒப்பமிட வேண்டும். மணமகளின் கையொப்பத்தை அது கட்டாயமாக்கவில்லை. கொடுத்த காசுக்கு இடமுண்டு, அவள் விருப்பத்துக்கு ஒரு கோடு இல்லை. இதைத் திருத்த வேண்டுமென்று 2009இல் நீதியரசர் சலீம் மர்சூப் தலைமையில் குழு அமைத்து, அது அறிக்கை தர 2018 ஆனது. விருப்பம் கேட்பது மேற்கத்திய நாகரிகம் என்று சொல்பவர்கள் கன்ஸா பின்த் கிதாமின் சம்பவத்தை எடுத்துப் பார்க்கட்டும். தன் விருப்பமில்லாமல் தகப்பன் செய்துவைத்த கலியாணத்தைப் பற்றி அவர் நபியவர்களிடம் முறையிட, அந்தத் திருமணம் செல்லாதென்று ஆக்கப்பட்டது. ஒரு பெண் வந்து 'எனக்கு விருப்பமில்லை' என்று சொன்னதை மதித்துக் கேட்ட மார்க்கம் இது. நாம்தான் கேட்பதில்லை.

இரண்டு மறுப்புகள் வருமென்று எனக்குத் தெரியும்.

முதலாவது, குடும்பக் கடமை இல்லாவிட்டால் இந்தச் சமூகம் இருந்திருக்காது என்பது. 1990இன் வன்செயல்களிலும், 2004 டிசம்பர் 26இல் கடல் வந்தபோதும் நம்மைத் தாங்கியது உறவுதானே என்பார்கள். ஒப்புக்கொள்கிறேன். கடல் வந்த அன்று எங்கள் வீட்டில் அடைக்கலம் புகுந்த இருபத்தேழு பேரில் பாதிப்பேர் தூரத்து உறவுதான். நான் எதிர்ப்பது கடமையை அல்ல, கடமை ஒருவர் தலையில் மட்டும் ஏற்றப்பட்டு, மற்றவர்கள் கைதட்டுவதை. சுமையைப் பகிர்ந்தால் அது குடும்பம். ஒருத்தி சுமக்க மற்றவர்கள் கவிதை படித்தால் அதற்குக் குடும்பமென்று பெயரில்லை.

இரண்டாவது, இதெல்லாம் தனிமனிதவாதம், வெளியிலிருந்து வந்த சரக்கு என்பது. அதனால்தான் ஜப்பானை எடுத்தேன். ஓசுவும் நருசேயும் குடும்பத்தை வெறுத்தவர்களல்லர். வாழ்நாள் முழுக்கக் குடும்பத்தைப் பற்றியே படமெடுத்தவர்கள். குடும்பத்துக்குள்ளே நின்றுதான் அவர்கள் கேட்டார்கள். நருசேயின் கடைசிப் பேசாப்படம் 1934இல் வந்த 'முடிவற்ற தெரு'. பணக்கார வீட்டுக்கு வாழ்க்கைப்பட்ட சாதாரணப் பெண்ணொருத்தி, கணவன் விபத்தில் சிக்கி ஆஸ்பத்திரியில் கிடக்கும் வேளையில், அவன் தாயையும் சகோதரியையும் பார்த்து, நீங்கள் நேசித்தது குடும்பத்தின் பெயரைத்தான், இந்த மனிதரை அல்ல என்ற கருத்தில் பேசிவிட்டு வெளியேறுகிறாள். பேரும் புகழும் வேறு, பாசம் வேறு. இந்தப் பாகுபாடு நமக்கும் விளங்க வேண்டும்.

ஓசுவின் முதலாவது பேசும்படம் 1936இல் வந்த 'ஒரே மகன்'. பட்டு ஆலையில் வேலை செய்யும் தாய், வீட்டையும் முசுக்கட்டைத் தோட்டத்தையும் விற்று மகனைப் படிக்கவைக்கிறாள். வருடங்கள் கழித்துத் தோக்கியோவுக்கு அவனைப் பார்க்கப் போனால், அவன் ஓர் இரவுப் பாடசாலையில் வாத்தியாராக இருக்கிறான். அந்தப் படத்தை என்னால் ஒரே இருப்பில் பார்த்து முடிக்க முடியவில்லை. வாத்தியார் என்பதால் மட்டுமல்ல.

எனது ராத்தா 1998இல் குவைத்துக்குப் போனார். நான் அப்போது உயர்தரம் படித்துக்கொண்டிருந்தேன். ஏழு வருடம் அங்கே இருந்தார். அவர் அனுப்பிய காசில் எனது ரியூசன், எனது கண்ணாடி, அட்டாளைச்சேனை ஆசிரியர் கலாசாலையில் இருந்த காலத்துச் செலவு எல்லாம் போனது. மிச்சத்தில் ஒரு வீடு எழும்பியது. ராத்தாவுக்கென்று சொல்லித்தான் அத்திவாரம் போட்டோம். இளைய தங்கைக்கு நல்ல இடம் பொருந்தி வந்ததும், 'மூத்தவள் வெளிநாட்டில்தானே, பிறகு பார்க்கலாம்' என்று வாப்பா அந்த வீட்டைத் தங்கைக்கு எழுதிவைத்தார். உறுதியில் சாட்சியாகக் கையொப்பமிட்டவன் நான். ராத்தாவுக்கு ஒரு கடிதம் எழுதிக் கேட்கலாம் என்று எனக்குத் தோன்றவில்லை. வேண்டுமென்று மறைத்தேன் என்றால்கூட ஒரு வகையில் பரவாயில்லை. தோன்றவேயில்லை.

அவர் முப்பத்துமூன்றாம் வயதில், மனைவியை இழந்த ஒருவருக்கு வாழ்க்கைப்பட்டார். நான் 2009இல் அவரைப் பற்றி ஒரு கதை எழுதினேன். அதற்கு ஒரு போட்டியில் இரண்டாம் பரிசு கிடைத்தது. அந்தக் கதையில் குவைத் இருக்கிறது, கண்ணீர் இருக்கிறது, மெழுகுவர்த்தியும் இருக்கிறது. உறுதியில் கையொப்பமிட்ட தம்பி இல்லை. அவருடைய மகள் அதை வாசித்துக் காட்டினாளாம். ராத்தா ஒன்றும் சொல்லவில்லை என்றாள். ராத்தாவுக்கு ஒன்றும் விளங்கவில்லை என்று அப்போது நினைத்தேன்.

போன ஹஜ்ஜுப் பெருநாளுக்கு அடுத்த நாள் 'டோக்கியோவின் பெண்' படத்தை ராத்தாவுக்குப் போட்டுக் காட்டினேன். இடையில் வரும் எழுத்துகளை நான் தமிழில் சொன்னேன். நானும் ஒரு பென்ஷியாக நின்றேன் என்று வைத்துக்கொள்ளுங்கள். படம் முடிந்ததும் ராத்தா கேட்டார்: "இவன் ஏன் செத்தவன்? ஒரு வார்த்தை அவளுக்கிட்டக் கேட்டிருக்கலாமே."

நான் கேட்டேன்: "ராத்தா, குவைத்துக்குப் போகாம இருந்தா நீங்க என்ன செய்திருப்பீங்க? உங்களுக்கு என்ன விருப்பமிருந்த?"

ராத்தா என்னை நிமிர்ந்து பார்த்தார். "இதயா தம்பி இருவத்தஞ்சு வருசம் கழிச்சுக் கேக்கிறாய்?" என்றார். எழும்பிப்போய்த் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு வந்து தந்தார். வேறு கதை கதைத்தோம்.

சகோதர எழுத்தாளர்களிடம் எனது கோரிக்கை பெரியதல்ல. அடுத்த முறை ஒரு தியாகக் கதை எழுத உட்கார்ந்தால், மெழுகுவர்த்தி என்ற சொல்லை எடுக்குமுன் அந்த வீட்டில் எத்தனை பேர் இருந்தார்கள், யார் யார் என்ன வேலை செய்தார்கள், உறுதி யார் பேரில் இருக்கிறது, சாட்சியாக யார் ஒப்பமிட்டார் என்று விசாரியுங்கள். அவளிடமே போய்க் கேளுங்கள். அவள் சொல்ல மறுத்தால், மறுத்தாள் என்று எழுதுங்கள். அவளுக்காக நீங்கள் அழ வேண்டாம். நீங்களும் உண்டவர்களில் ஒருவரென்றால் அதையும் எழுதுங்கள்.

எனது கதைகளைத் தொகுத்து ஒரு புத்தகமாக்கும் வேலை நடந்துகொண்டிருக்கிறது. இரண்டாம் பரிசு பெற்ற அந்தக் கதையைத் தொகுப்பிலிருந்து எடுத்துவிடும்படி பதிப்பாளருக்கு எழுதிவிட்டேன். அது நல்ல கதை, ஏன் எடுக்கிறீர்கள் என்று அவர் கேட்டார். கதையில் ஓர் ஆள் குறைகிறார் என்று பதில் எழுதினேன். ராத்தா இன்னும் எனக்குப் பதில் சொல்லவில்லை. சொன்னால், அவருக்குச் சம்மதமென்றால், மீண்டும் எழுதுவேன்.